கரை சேர்தலும் கடல் சேர்தலும்

கடல் காணாக் கரிசல் மண்ணில் பிறந்தோர் யாம். கோவில்பட்டிக்குத் தெற்கே, நெல்லைச் சாலையை ஒட்டி அமைந்துள்ள இடைசெவல் எம் ஊர். பெயரிலே செவல் இருப்பினும் சுற்றிலும் விரிந்து கிடப்பது கரிசலே. கு. அழகிரிசாமி, கி. ராஜநாராயணன் என்னும் இருபெரும் எழுத்தாளரை ஒரே ஆண்டில், 1923-இல், ஈன்ற மண் அது. பருத்தியும் கம்பும் சோளமும் உளுந்தும் விளையும் அம்மண்ணில் நின்று பார்ப்பவர்க்குக் கடல் ஒரு கேள்விச் செய்தியே. எனினும் 1986-இல் நெல்லை மாவட்டம் பிரிக்கப்பட்டபோது எம் ஊர் தூத்துக்குடி மாவட்டத்தில் சேர்ந்தது. முத்துக்குளித்துறையும் எம் வானம் பார்த்த பூமியும் ஒரே ஆட்சியர் அலுவலகத்தின்கீழ் வந்தன. ஆகவே, அம்மாவட்டக் கடற்கரையில் நிகழ்ந்த பெருந்துயர் ஒன்றை அயலாருடையதாகக் கருதிக் கடந்துபோக எம்மால் இயலவில்லை. அதனைப் பற்றியதே இக்கட்டுரை.

தமிழில் 'கரை சேர்ந்தான்', 'கரையேறினான்' என்றால் பிழைத்தான் என்பது பொருள். மகளைக் கரையேற்றிய தந்தை நிம்மதிப் பெருமூச்சு விடுகிறார். பிறவியைப் பெருங்கடலாகவும் வீடுபேற்றைக் கரையாகவும் கண்ட மரபு நம்முடையது. ஆனால், கரை சேர்தலே சாவாக முடியும் உயிர் ஒன்று உண்டு. அது திமிங்கிலம். அதனைக் காக்க விழைவோர் கரையேற்றுதல் கூடாது, கடலேற்றுதல் வேண்டும். மீட்பு என்னும் சொல்லுக்கு நாம் கொண்டுள்ள பொருளையே இவ்வுயிர் தலைகீழாக்கி விடுகிறது.

மீன் அல்லாத மீன்

'திமி' என்பது ஒரு பெருமீன். திமியை விழுங்குவது திமிங்கிலம். அதனையும் விழுங்குவது திமிங்கிலகிலம் என்று பழைய நூலோர் அடுக்கிச் சொல்வர். பெயரளவில் மீன் இனத்தோடு வைத்து எண்ணப்பட்டாலும் திமிங்கிலம் மீன் அன்று. குட்டி ஈன்று பாலூட்டும் வெப்பக்குருதி விலங்கு அது. செவுள் இல்லை, நம்மைப் போலவே நுரையீரல் உண்டு. தலையின் உச்சியில் உள்ள மூச்சுத்துளையை நீருக்கு மேலே கொண்டுவந்து காற்றை உள்ளிழுத்தே அது வாழ்கிறது.

காற்றைச் சுவாசிக்கும் உயிர் கரைக்கு வந்தால் ஏன் சாக வேண்டும் என்று வினவலாம். பல்லாயிரம் கிலோ எடையைத் தாங்குவது கடல்நீர். அத்தாங்குதல் அகன்றதும் அவ்வெடை அதன் நுரையீரலையே அழுத்துகிறது. உடம்பின் வெப்பத்தைக் காப்பதற்காகத் தோலின்கீழ் அமைந்த தடித்த கொழுப்புப் படலம், வெயிலில் கிடக்கும்போது வெப்பத்தை வெளிவிடாமல் உள்ளேயே அடைத்து வைக்கிறது. தோல் வறண்டு வெடிக்கிறது. பக்கவாட்டில் சாய்ந்து கிடந்தால் மூச்சுத்துளையில் நீரும் மணலும் புகுந்துவிடுகின்றன. தன் பாரத்தாலும் தன் வெப்பத்தாலும் தானே மாள்வது அதன் விதியாகிறது.

மணப்பாட்டுக் கரையில்

திருச்செந்தூருக்குத் தெற்கே ஆலந்தலை, கல்லாமொழி, குலசேகரன்பட்டினம், மணப்பாடு எனக் கடலோர ஊர்கள் வரிசையாக அமைந்துள்ளன. வடக்கே காயல்பட்டினத்துப் பள்ளிவாசல்கள். இடையே செந்தில் முருகன் கோயில். தெற்கே மணற்குன்றின்மேல் மணப்பாட்டுத் திருச்சிலுவைக் கோயில். மூன்று சமயத்தாரும் ஒரே அலையோசையைக் கேட்டு வாழும் கரை அது.

இக்கரையில் 1973-ஆம் ஆண்டு சனவரி 14-ஆம் நாள், தைப்பொங்கலை ஒட்டி, 147 திமிங்கிலங்கள் கூட்டமாக ஒதுங்கின. மத்திய கடல்மீன் ஆராய்ச்சி நிறுவனத்தின் அறிஞர்கள் இதனை ஆராய்ந்து பதிவு செய்துள்ளனர். நாற்பத்து மூன்று ஆண்டுகள் கழிந்தன. 2016 சனவரி 11-ஆம் நாள் மாலை தொடங்கி, அதே கரையில், அதே இனத்தைச் சேர்ந்த எண்பதுக்கும் மேற்பட்ட திமிங்கிலங்கள் கரைக்கு வந்தன. அவை குறுந்துடுப்புடைய பைலட் திமிங்கிலங்கள். உருண்ட தலையும் கருநிற உடலும் கொண்டவை. நான்கு முதல் ஆறு மீட்டர் வரை நீள்பவை. ஆழ்கடலில் கணவாய் தேடித் திரிய வேண்டிய அவ்வுயிர்கள் கரையின் ஈரமணலில் வரிசை வரிசையாகக் கிடந்தன.

செய்தி கேட்டு யாம் நால்வர் பேருந்தேறிச் சென்றோம். கோவில்பட்டியிலிருந்து தூத்துக்குடி வரை சாலையின் இருமருங்கும் பொங்கலுக்கு முந்தைய பசுமை. கல்லாமொழிக் கரையில் இறங்கிய எமக்கோ பேச்செழவில்லை. மீனவ இளைஞர் இடுப்பளவு நீரில் நின்று ஒரு திமிங்கிலத்தைச் சாயவிடாமல் தாங்கிக்கொண்டிருந்தனர். சிறுவர் குடங்களில் கடல்நீர் மொண்டு அதன் முதுகில் ஊற்றினர். படகுகளில் கயிறு கட்டிச் சிலவற்றை ஆழத்திற்கு இழுத்துச் சென்றனர். வனத்துறையினரும் மீன்வளத்துறையினரும் அவர்களோடு நின்றனர். அவ்வாறு 36 திமிங்கிலங்கள் கடலுக்குள் கொண்டு செல்லப்பட்டதாக மாவட்ட நிருவாகம் அறிவித்தது. ஆயினும் அவற்றுட் சில மீண்டும் கரைக்கே திரும்பின. நாற்பத்தைந்துக்கு மேற்பட்டவை முதலிரு நாளிலேயே மாண்டன. பொக்லைன் இயந்திரங்கள் கரையோரம் குழி தோண்டின.

இரண்டு முறை இழுத்துவிட்டும் திரும்பி வந்த ஒன்றைப் பார்த்தபடி நின்ற முதிய மீனவர் ஒருவர் எம்மிடம் சொன்னார்: "ஒத்தையில விட்டா போகாது சார். கூட்டத்தத் தேடித் திரும்பிருது." அந்த ஒற்றை வாக்கியத்தில் ஓர் ஆராய்ச்சி நூலின் சாரம் இருந்தது என்பதைப் பின்னர் படித்தறிந்தோம்.

கூட்டம் என்னும் உயிர்

பைலட் திமிங்கிலங்கள் தாய்வழிக் குடும்பங்களாக வாழ்பவை. மகவு வளர்ந்த பின்னும் தாயின் கூட்டத்தை விட்டு அகல்வதில்லை. குட்டி ஈனும் பருவம் கடந்த மூதாய்களும் பல்லாண்டு வாழ்ந்து கூட்டத்தோடு இயங்குகின்றன. மாதவிடாய் ஓய்ந்த பின்னும் நெடுங்காலம் வாழும் பெண்ணினம், மனித இனத்தை விடுத்தால், விலங்குலகில் மிகச் சிலவே. அச்சிலவற்றுள் இவையும் ஒன்று.

இத்தகு பாசமே ஆபத்தில் அவற்றுக்குக் கண்ணியாகிறது. நோயுற்றோ வழிதவறியோ ஒன்று ஆழமற்ற நீருக்கு வந்தால், ஏனையவை அதனை விட்டு அகலாமல் பின்தொடர்கின்றன. மெல்லச் சரியும் மணற்கரையில் அவை எழுப்பும் ஒலி தெளிவாக எதிரொலித்துத் திரும்புவதில்லை. கடல் எங்கே முடிகிறது என்பதை அவை உணர்வதற்குள் வயிறு மணலைத் தொட்டுவிடுகிறது. கூட்டமாகக் கரையொதுங்குதற்கு அறிஞர் ஒரே காரணத்தைச் சொல்வதில்லை. நோய், கடலடி ஒலிகள், கரையின் அமைப்பு எனப் பலவற்றை ஆராய்கின்றனர். ஆனால், ஒன்றன் துயர் எல்லாவற்றின் துயராவதற்குக் கூட்டப்பிணைப்பே காரணம் என்பதில் அவர்கள் ஒத்த கருத்தினர். ஆகவே கரையிலே கிடக்கும் சுற்றத்தின் ஓலம் கேட்கும் தொலைவில் ஒன்றை மட்டும் நீரில் தள்ளிவிடுதல் மீட்பாகாது.

பனிக்கடலில் மூன்று உயிர்கள்

வெப்பக்கடலில் மணல் செய்யும் கொடுமையைத் துருவக்கடலில் பனிக்கட்டி செய்கிறது. 1988 அக்டோபரில், அலாஸ்காவின் வடகோடியில் உள்ள பாரோ என்னும் ஊரருகே, மூன்று சாம்பல் திமிங்கிலங்கள் உறைபனியிடையே சிக்கின. குளிர்காலத்தில் தெற்கே பல்லாயிரம் கிலோமீட்டர் நீந்தி மெக்சிகோவின் வெதுவெதுப்பான கடற்கழிகளுக்குச் செல்ல வேண்டியவை அவை. புறப்படத் தாமதித்ததால் கடல் அவற்றின் தலைக்குமேல் மூடிக்கொண்டது. எஞ்சியிருந்த சிறுதுளைகளில் மாறி மாறித் தலையுயர்த்தி மூச்சுவாங்கின.

அங்கு வாழும் இன்யூப்பியாக் மக்கள் திமிங்கில வேட்டையையே வாழ்வாகக் கொண்டவர்கள். ஆயினும் அம்மூன்றையும் கொல்லாது காக்க முன்வந்தனர். மரம் அறுக்கும் இயந்திர வாளால் பனியை அறுத்து, திறந்த கடலை நோக்கி ஒன்றன்பின் ஒன்றாக மூச்சுத்துளைகள் அமைத்தனர். பனியுடைக்கும் மிதவை ஒன்றை நெடுந்தொலைவிலிருந்து இழுத்துவர முயன்று தோற்றனர். ஐந்து டன் கான்கிரீட் பாளத்தை வானூர்தியிலிருந்து வீழ்த்திப் பனியை உடைத்தும் பார்த்தனர். பெரிய இயந்திரங்கள் திணறிய இடத்தில், பனியை அறிந்த மக்களின் கைவாள்களே அவ்வுயிர்களுக்கு மூச்சளித்தன. கடைசியாகக் குறுக்கே நின்ற பெரும் பனிமேட்டைப் பிளந்தவை சோவியத்து நாட்டின் பனியுடைப்புக் கப்பல்கள். அமெரிக்காவும் சோவியத்து ஒன்றியமும் பகைமை பாராட்டிய காலம் அது. மூன்றனுள் இளையது இடையிலே மாண்டது. ஏனைய இரண்டும் அக்டோபர் 28-இல் வழிபெற்றன.

இதற்கு மூன்றாண்டுகளுக்கு முன், 1985-இன் தொடக்கத்தில், சோவியத்து நாட்டின் கீழைக்கரையில் உள்ள செனியாவின் நீரிணையில் வெண்திமிங்கிலங்கள் பெருந்திரளாகப் பனியில் அகப்பட்டன. 'மாஸ்க்வா' என்னும் கப்பல் பனியை உடைத்து வழி சமைத்தது. ஆனால், கப்பலின் இரைச்சலுக்கு அஞ்சிய திமிங்கிலங்கள் திறந்த வழியே செல்ல மறுத்தன. மாலுமிகள் பொறுமையோடு காத்திருந்து அவற்றைப் பழக்கினர். இசையை ஒலிக்கச் செய்து அழைத்தனர். செவ்வியல் இசைக்கு இணங்கிக் கூட்டம் கப்பலைத் தொடர்ந்தது. வழி திறந்ததோடு பணி முடியவில்லை. அவ்வழியை அவ்வுயிர் நம்பச் செய்யவேண்டியிருந்தது.

மூன்று திமிங்கிலங்களுக்காக ஏறத்தாழப் பத்து லட்சம் டாலர் செலவிட்டனரே, அத்தொகையில் எத்தனை ஏழை மக்களைக் காத்திருக்கலாம் என்ற வினா அன்றே எழுந்தது. நியாயமான வினாதான். ஆனால், அப்பணம் திமிங்கிலத்துக்குச் செல்லாதிருந்தால் ஏழையின் அடுப்பை நோக்கி நடந்திருக்கும் என்பதற்கு உறுதி ஏது? இரக்கம் என்பது ஒரு குடத்து நீர் அன்று, ஒருவர்க்கு ஊற்றினால் இன்னொருவர்க்குக் குறைவதற்கு. அது கிணற்றூற்று. இறைக்க இறைக்கவே சுரப்பது. சுரக்கும் ஊற்றை எவ்வாறு பாய்ச்சுவது என்பதே நாம் எண்ணிப் பார்க்க வேண்டியது.

கொடைமடமும் மீட்பும்

கடையெழு வள்ளல்களுள் பேகன் மயிலுக்குப் போர்வை ஈந்தான். பாரி முல்லைக்குத் தேர் ஈந்தான். மயில் போர்வை உடுத்தாது; முல்லை தேரூர்ந்து செல்லாது. எனினும் சான்றோர் அச்செயலை இகழவில்லை. 'கொடைமடம்' என்று பெயரிட்டுப் புகழ்ந்தனர். பெறுவோர்க்குப் பயன்படுமா என்று ஆராயாமல் வழங்குதல் கொடையாளிக்கு அணி. அங்கே மடமையும் அழகாகிறது.

மீட்பில் அவ்வாறன்று. அங்கே மடமை உயிரைக் குடிக்கும். துடிக்கும் திமிங்கிலத்தைக் கண்டு பதறி, அதன் வாலில் கயிறு கட்டி வெறுமனே இழுப்போமாயின் முதுகெலும்பும் தசையும் சேதமுறும். தலை நீருள் அமிழ்ந்து மூச்சுத்துளை அடைபடும். நல்லெண்ணத்தால் நேரும் கேடு அது.

இவ்வுண்மையைக் கடலோரத்தார்க்கு மட்டுமன்றிக் கரிசல் மாந்தர்க்கும் எளிதில் உணர்த்தலாம். கோடையிலே கண்மாய் வற்றும்போது நடுவில் எஞ்சும் சேற்றுநீரைத் தேடிச் செல்லும் மாடு, வயிறு மட்டும் புதைந்து நின்றுவிடும். கரிசற்சேறு பசைபோன்றது. கால் எடுக்க எடுக்க ஆழம் இழுக்கும். இளந்தாரிகள் ஓடிச்சென்று கொம்பையும் வாலையும் பற்றுவர். அப்போது பெரியவர்கள் கரையிலிருந்தே அதட்டுவதை எம் இளமையில் பலமுறை கேட்டிருக்கிறோம்: "வாலப் பிடிச்சு இழுக்காதீங்கடா! வயித்துக்கு அணை குடுங்க!" பருத்திமாரும் சோளத்தட்டையும் கொண்டுவந்து சேற்றில் பரப்புவார்கள். கால்களைச் சுற்றிச் சேற்றைக் கையால் அகற்றுவார்கள். வயிற்றின்கீழ்ச் சாக்கைச் செலுத்தி, கம்பு கொடுத்து, இருபுறமும் நின்று ஒருசேரத் தூக்குவார்கள். அதன் சோடி மாட்டைக் கரையில் கண்பார்வைபட நிறுத்துவார்கள். துணையைக் கண்டதும் சோர்ந்த மாடு தானாக எம்பும். எந்தப் பள்ளியிலும் பயிலாத அவ்வேளாளர் அறிந்த நெறி இரண்டு: பாரத்தைத் தாங்கு, துணையைக் காட்டு. திமிங்கில மீட்பு பற்றி உலக அறிஞர் இன்று எழுதும் வழிகாட்டு நூல்களும் இவ்விரண்டையே வேறு சொற்களில் கூறுகின்றன.

இந்நெறி பயன்தந்ததை அண்டை நாட்டிலே கண்டோம். 2020 நவம்பர் 2-ஆம் நாள், கொழும்புக்குத் தெற்கே பாணந்துறைக் கரையில், நூற்றுக்கும் மேற்பட்ட பைலட் திமிங்கிலங்கள் ஒதுங்கின. கொள்ளைநோய்க்கால ஊரடங்கு நிலவிய இரவு அது. இலங்கைக் கடற்படையினரும் கடலோரக் காவற்படையினரும் ஊர்மக்களும் விடியவிடிய நீரில் நின்றனர். ஒவ்வொன்றாக ஆழத்திற்குக் கொண்டு சென்றனர். திரும்பி வந்தவற்றை மீண்டும் கொண்டு சென்றனர். விடிந்தபோது ஏறத்தாழ 120 திமிங்கிலங்கள் கடல் சேர்ந்திருந்தன. இறந்தவை மிகச் சிலவே. கூட்டம் முழுவதும் ஆழம் சேரும்வரை அவர்கள் கரையை விட்டு அகலவில்லை.

பிணை நிற்றல்

எம் ஊருக்கு அணித்தே உள்ளது எட்டயபுரம். அவ்வூர் அரசவையை அணிசெய்த உமறுப்புலவர் யாத்த சீறாப்புராணத்தில் மானுக்குப் பிணை நின்ற வரலாறு தனிப்படலமாக அமைந்துள்ளது. வேடனிடம் அகப்பட்ட பெண்மான், தன் கன்றுக்குப் பாலூட்டித் திரும்ப விடைவேண்டுகிறது. நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் மானுக்குப் பிணையாகத் தாமே வேடனிடம் நிற்கிறார்கள். மான் சொன்னபடி திரும்பி வருகிறது; வேடன் உள்ளம் நெகிழ்ந்து அதனை விடுவிக்கிறான்.

இப்படலத்தைப் படிப்போர் பெரும்பாலும் மானின் வாய்மையையே வியப்பர். யாம் வியப்பது 'பிணை' என்னும் சொல்லை. நாயகம் அவர்கள் கயிற்றை அவிழ்த்துவிட்டுத் தம் வழியே செல்லவில்லை. மான் சென்று மீளும் வரை அங்கேயே நின்றார்கள். அதன் துயர் கட்டுண்ட கால்களில் மட்டும் இல்லை, காட்டிலே காத்திருக்கும் கன்றிடமும் இருக்கிறது என்பதை உணர்ந்தார்கள். உறவை அறிந்து இரங்குதலும் முடியும்வரை பொறுப்பேற்று நிற்றலும் சேர்ந்ததே பிணை.

நாவறண்டு ஈரமண்ணை நக்கிய நாய்க்காகக் கிணற்றில் இறங்கித் தம் காலணியில் நீர் முகந்து, அதனை வாயிற் கவ்வி மேலேறி வந்து ஊட்டிய மனிதரை இறைவன் மன்னித்தான் என்னும் செய்தியையும் நபிமொழித் தொகுப்பில் காண்கிறோம். அம்மனிதரிடம் வாளியோ கயிறோ இல்லை. ஏறுவதற்கு இரு கைகளும் வேண்டும். ஆதலால் வாய் பாத்திரம் ஏந்திற்று. அவ்விரக்கம் வழி கண்டுபிடித்த இரக்கம். யூனுஸ் நபி (அலை) அவர்களைத் தன் வயிற்றில் சுமந்து வந்து கரையில் சேர்த்ததும் ஒரு பெருமீனே என்பதைத் திருமறை கூறுகிறது. மனிதரைக் கரை சேர்த்த இனத்தைக் கடல் சேர்க்கும் கடன் நமக்கு இருக்கிறது என்று எண்ணினால் அது மிகையாகாது.

மறுமுறை வரும்போது

1973, 2016 என இருமுறை வந்தவை மறுமுறையும் வரக்கூடும். அன்று கரையில் நிற்போர் நம் மாணவராகவும் இருக்கலாம். 2021 சனவரியில் நடுவண் சுற்றுச்சூழல் அமைச்சகம், கரையொதுங்கும் பெரிய கடல்வாழ் உயிர்களைக் கையாளும் நெறிமுறைகளை வெளியிட்டது. கரையோர மக்களுக்கு அவை தமிழில் எளிய சொற்களில் சென்றடைய வேண்டும். தமிழ்த் துறைகள் செய்யத்தக்க பணி இது.

அறிய வேண்டியவை சிலவே. முதலில் வனத்துறைக்கும் 1554 என்னும் எண்ணில் கடலோரக் காவற்படைக்கும் செய்தி சொல்லுதல். திமிங்கிலத்தை வயிறு மண்ணில் படுமாறு நிமிர்த்தி நிறுத்துதல். துடுப்புகளின்கீழ் மணலைத் தோண்டி இடம் விடுதல். ஈரத்துணி போர்த்தி நீரூற்றுதல். மூச்சுத்துளையில் நீர் படாது காத்தல். வாலைப் பற்றி இழுக்காமை. கூச்சலும் கூட்டமும் தவிர்த்தல். இயன்றவரை கூட்டத்தைச் சேர்த்தே கடலுக்குள் செலுத்துதல். செலுத்திய பின்னும் கரையை விட்டு அகலாமல் காவல் நிற்றல்.

2016-இல் அம்மீனவர் மீட்ட உயிர்களுள் எத்தனை நிலைத்தன என்று கணக்கிட்டு அவர்தம் உழைப்பை அளத்தல் முறையன்று. பிழைப்பை விட்டு, பொங்கலை மறந்து, குளிர்நீரில் நின்றவர்கள் அவர்கள். அவர்களிடம் இரக்கம் குறைவின்றி இருந்தது. கற்பித்தற்கு யாரும் முன்னரே செல்லவில்லை. நாற்பத்து மூன்று ஆண்டு இடைவெளி கிடைத்தும் 1973-இன் பாடம் அக்கரைக்குச் சென்று சேரவில்லை. அடுத்த இடைவெளியின் நீளத்தை நாம் அறியோம். கற்பிக்கும் கடமையோ இன்றே தொடங்கிவிட்டது.